ஆற்றுக்குள் இறக்கிய தேத்தண்ணி

குசினித் தரையில் ஆறு திறந்துகொண்ட அன்று ஜொபா அப்போதுதான் தரையைத் துடைத்து முடித்திருந்தாள். அதனால் அவளுக்கு முதலில் வந்தது பயமில்லை, கோபம். அடுப்புக்கும் குளிர்சாதனப் பெட்டிக்கும் நடுவில் தரைவிரிப்பு வட்டமாக விலகி, விளிம்பில் பனிக்கட்டி தடித்து நிற்க, உள்ளே கறுத்த தண்ணீர் தன்பாட்டில் கிழக்கே ஓடிக்கொண்டிருந்தது. பெரிய சோற்றுப்பானையின் வாயளவு இருக்கும். வருகிறதுதான் வருகிறாய், கொஞ்சம் முந்தி வந்திருந்தால் என் இடுப்பாவது தப்பியிருக்கும் என்று துடைப்பத்தை ஊன்றிக்கொண்டு பாதி வங்காளத்திலும் பாதி பிரெஞ்சிலுமாக அதைத் திட்டி, விளிம்பில் கசிந்த ஈரத்தை ஒத்தியெடுத்து, துணியைப் பிழிந்து காயப்போட்டு, அதற்குப் பிறகுதான் கதிரையில் இருந்து அழுதாள். அந்த ஓட்டையை அவளுக்குத் தெரியும். அவளுடைய புருஷன் அதற்குள்ளால்தான் போயிருந்தார்.

அவர் கியூபெக்காரர், பெரிய ஆற்றங்கரை ஊரொன்றில் பிறந்தவர். தை மாதத்தில் ஆறு உறைந்ததும் அந்த ஊர் ஆண்கள் பனிக்கட்டிக்கு மேலே சின்னச்சின்ன மரக்கொட்டில்களை இழுத்துக்கொண்டுபோய் வைத்து, உள்ளே விறகடுப்பு மூட்டி, காலடியில் துளைபோட்டுத் தூண்டிலைத் தொங்கவிட்டுக்கொண்டு பகல் முழுக்கக் குந்தியிருப்பார்கள். மொன்றியலுக்குக் குடிவந்த பிறகும் அவர் வருஷம் தவறாமல் போவார். இந்த வருஷமும் போனார். கொட்டில் நின்றது, அடுப்பின் சூடு ஆறவில்லை, தூண்டில் கட்டியபடி கிடந்தது, ஆளைக் காணவில்லை. அந்தச் சின்ன ஓட்டைக்குள்ளால் அவ்வளவு பெரிய மனுஷன் எப்படிப் போனார் என்பது ஒருவருக்கும் விளங்கவில்லை. பொலிஸ்காரர்கள் சுழியோடிகளை இறக்கித் தேடிவிட்டு, வீட்டுக்கு வந்து தொப்பியைக் கழற்றினார்கள். அவர் வரச் சுணங்குகிறது, அவ்வளவுதான் என்று சொல்லிக் கதவைச் சாத்தினாள் ஜொபா. கையில் கிடந்த, புருஷன் உள்ளவள் போடுகிற சங்கு வளையல்களை அவள் கழற்றவில்லை.

ஜொபா சாந்த்பூர்ப் பெண். பங்களாதேசின் பெரிய ஆறுகள் ஒன்றாகிற இடம் அது. அங்கே பெண்சாதி புருஷனின் பெயரை வாயால் சொல்லமாட்டாள். சொன்னால் சொன்ன அளவுக்கு அவன் ஆயுள் குறையும். வெள்ளைக்காரனைக் கட்டினால் மட்டும் அது மாறிவிடுமா? “ஷுன்ச்சோ” என்பாள், கேக்கிறீங்களா என்று அர்த்தம். வீட்டின் எந்த மூலையில் இருந்தாலும் அவர் “உய்” என்பார், பிரெஞ்சில் ஓம். அரசாங்கக் கந்தோரில் புருஷன் பெயர் கேட்டால், பேசாமல் அவருடைய அடையாள அட்டையை நீட்டுவாள். மொன்றியலின் பார்க் எக்ஸ்ரென்ஷனில் அவளோடு ஒரே கட்டடத்தில் குடியிருந்த யாழ்ப்பாணத்துப் பெண்களுக்கு இது புதினமாகப் படவில்லை; அவர்களும் “இஞ்சருங்கோ” என்றே காலத்தைத் தள்ளியவர்கள். அவள் சொல்லாத பெயரை அவளுக்கு முந்திச் சொல்ல இந்தக் கதைக்கும் வாயில்லை.

ஆறு வந்த செய்தி படிகளில் ஏறி இறங்கிற்று. வீட்டுச் சொந்தக்காரரான கிரேக்கர் வந்து எட்டிப் பார்த்து, ஒப்பந்தத்தில் நாய் பூனை கூடாது என்றுதான் இருக்கிறது, ஆற்றைப் பற்றி ஒன்றும் இல்லையே என்று தாடையைத் தடவிவிட்டுப் போனார். நகரசபையிலிருந்து வந்த பெண் சுற்றளவை அளந்து, கைபிடிக்கக் கம்பியொன்று போடச் சொன்னாள். கீழ்வீட்டு ஜினெற், பஸ் ஓட்டி ஓய்வுபெற்ற கியூபெக்காரி, மடக்குக் கதிரையும் தூண்டிலும் கொண்டுவந்து கேளாமலே ஓரத்தில் போட்டுக்கொண்டு இருந்தாள். எதிர்வீட்டுத் தவமலர் குனிந்து மணந்து பார்த்து, ஆற்றுமீன் தனக்குச் சரிவராது, சேற்று மணம் என்று சொல்லிவிட்டு, அடுத்த நாளிலிருந்து பையோடு வந்தாள். மீன் வந்தது. பெரும்பாலும் சாண் நீளத்துக் குளிர்கால மீன். இடைக்கிடை, ஒருவரும் எதிர்பாராத நேரத்தில், வெள்ளித்தகடு போல மினுங்கிக்கொண்டு ஒரு இலிஷ், சாந்த்பூர்க் கொழுப்போடும் முள்ளோடும். அப்படி ஒன்று வந்துவிட்டால் கட்டடம் முழுக்கக் கடுகு அரைக்கிற சத்தம் கேட்கும். ஆறு ஏன் வந்தது என்று யாரும் கேட்கவில்லை. செருப்போடு கிட்டப் போகக்கூடாது, ஏனம் கழுவின தண்ணியை அதற்குள் ஊற்றக்கூடாது, அதற்கு முன்னால் நின்று புருஷனும் பெண்சாதியும் சண்டை பிடிக்கக்கூடாது என்று வழக்கங்கள் மட்டும் தானாக உண்டாகின.

அந்த வீட்டில் பின்னேரத் தேத்தண்ணி என்பது ஒரு கோப்பையோடு முடிகிற காரியம் இல்லை. தேயிலையைப் பாலிலேயே போட்டு, ஏலக்காய் தட்டி, ஒரு பிரிஞ்சி இலையும் கிள்ளிப் போட்டுக் கொதிக்கவிட்டு, இறக்கி வைத்த பிறகு சீனிக்குப் பதிலாக மேப்பிள் பாணி விடுவாள் ஜொபா. அடுப்பில் இருக்கும்போதே விட்டால் பால் திரைந்தாலும் திரையும். கியூபெக்காரர் இறைச்சி அடைத்துச் சுடுகிற பணியாரத்துக்குப் போடுகிற கறுவாவையும் கராம்பையும் எடுத்து, கிழங்கோடும் சமன் மீனோடும் பிரட்டி, தன் ஊர்ச் சிங்காராவுக்குள் முக்கோணமாக மடித்து வைப்பாள். பொரியில் கடுகெண்ணெயும் வெங்காயமும் பச்சைமிளகாயும் குலுக்கி, அதற்குள் இந்த ஊர்ப் புதுச் சீஸ்கட்டிகளை உதிர்த்துவிடுவாள். மெல்லும்போது பொரி நொறுங்குகிற சத்தத்துக்கு நடுவே சீஸ் கீச்சுக்கீச்சென்று பல்லில் பேசும். கடைசியாகத் தாத்தாமார். மாவை உருண்டையாகக் கொதிக்கிற மேப்பிள் பாணிக்குள் போட்டு வேகவைக்கிற பலகாரத்துக்குக் கியூபெக்கில் அதுதான் பெயர், ஏனென்று ஒருவருக்கும் தெரியாது. ஜொபா மாவை விட்டுவிட்டு, பாலைத் திரைத்துப் பிழிந்த சானாவில் கொஞ்சம் றவை சேர்த்துப் பிசைந்து உருட்டுவாள். அது பாணிக்குள் உப்பிப் புரண்டு வருகிறபோது, பாருங்கள், உங்களுடைய தாத்தாமார் எல்லாரும் வங்காளியாகிவிட்டார்கள் என்று புருஷனிடம் சொல்லுவாள். அவர் சிரித்துச் சிரித்து, கிண்ணத்தை வழித்துச் சாப்பிடுவார். ஒன்றை மட்டும் அவளுக்கென்று கடைசியில் மிச்சம் விடுவார். அவளுக்கும் ஒரு கிண்ணம் நிறைய இருக்கும், ஆனாலும் விடுவார்.

ஆறு வந்த சில நாளில், கைப்பழக்கத்தில் இரண்டு கோப்பைத் தேத்தண்ணி ஊற்றிவிட்டாள். தன்மேலேயே எரிச்சல் வந்தது. கொட்ட மனம் வரவில்லை. கொட்டிப் பழகின பிறப்பில்லை அவள். தையல் தொழிற்சாலையில் நூல் வெட்டத் தொடங்கி, சந்தையில் சிங்காரா விற்று, ஒற்றையாளாக இந்தக் குசினியையும் இதிலுள்ள ஒவ்வொரு சட்டியையும் வாய்ச்சண்டை போட்டுச் சேர்த்தவள். மூடியுள்ள தூக்குச்சட்டியில் தேத்தண்ணியை ஊற்றி, மேல் தட்டில் தாத்தாமாரை வைத்து, பொலிஸ் கொண்டுவந்து தந்திருந்த அவருடைய தூண்டில் நூலிலேயே கட்டி, ஓட்டைக்குள் இறக்கினாள். நூல் ஓடி ஓடிப் போய் நின்றது. கொஞ்ச நேரத்தில் ஒரு சின்னச் சுண்டல். இழுத்தாள். தேத்தண்ணி குடித்து முடிந்திருந்தது. அடியில் ஒரு மிடறு, அவர் எப்போதும் விடுகிற மண்டி. மேல் தட்டில் ஒரு உருண்டை மிச்சம்.

அதைச் சாப்பிட்டுவிட்டு அடுத்த நாளுக்குப் பால் வாங்கப் போனாள்.

பிறகு இதுவே வழக்கமாயிற்று. பின்னேரமானால் கட்டடத்து ஆட்கள் செருப்பைக் கழற்றிவிட்டு வந்து, தூக்குச்சட்டி போகிறதையும் வருகிறதையும் கோயில் திரை விலகக் காத்திருப்பவர்கள் போலப் பார்த்துக்கொண்டு இருப்பார்கள். மற்றவர்களும் முயன்று பார்த்தார்கள். ஜினெற் தன் முன்னாள் புருஷனுக்கென்று ஒரு சிகரெட்டைப் பையில் சுற்றி இறக்கினாள். அது நனையாமல் திரும்பி வந்தது. அந்த மனுஷன் புளோரிடாவில் உயிரோடு இருக்கிறான், நீ ஆற்றையல்லவா ஏமாற்றப் பார்க்கிறாய் என்று எல்லாரும் சிரித்தார்கள். தவமலர் ஒருநாள் ஆளில்லாத நேரத்தில் வந்தாள். சண்டை முடிந்த வருஷம் முள்ளிவாய்க்காலில் காணாமற்போன தம்பிக்காக, பால் விடாத வெறுந்தேத்தண்ணியும் கடிக்க ஒரு துண்டு பனங்கட்டியும் வைத்து இறக்கினாள். நூல் சுண்டவேயில்லை. மேலே வந்தபோது தேத்தண்ணி ஆறாமல் அப்படியே இருந்தது. அதைத் தானே குடித்து, சட்டியைக் கழுவிக் கவிழ்த்துவிட்டுப் போனாள்.

பங்குனி பிறந்து கூரைகளில் தொங்கின பனியூசிகள் சொட்டத் தொடங்கியபோது ஜினெற் தூண்டிலைச் சுருட்டி வைத்துவிட்டு ஜொபாவை இருத்திப் பேசினாள். தங்கள் கரையில் பனிக்கட்டிக்குக் கீழே போனவர்களை, பனி உடைவதற்குள், சொந்தக்காரர் ஒருவர் ஞானஸ்நானப் பெயர் சொல்லிக் கூப்பிட்டால் மேலே வருவார்கள் என்பது பேச்சு. பனி உடைந்துவிட்டால் ஆறு அவர்களைக் கடலுக்குக் கொண்டுபோய்விடும். தான் கூப்பிட்டுப் பார்த்ததாகவும் ஒப்புக்கொண்டாள். ஜொபா சந்தைக்குப் போயிருந்தபோது, ஓட்டைக்குள் தலையைக் கொடுத்து, தொண்டை கட்டும்வரை கூப்பிட்டாளாம். பதில் இல்லை.

“நீ கூப்பிடவேணும், மா பெல், என்ர செல்லம். பெண்சாதி நீ.”

ஜொபா வளையல்களைச் சுழற்றிக்கொண்டு இருந்தாள். ஜினெற்றின் ஊர் வழக்கப்படி பெயரைச் சொன்னால் அவர் வருவார். தன் ஊர் வழக்கப்படி பெயரைச் சொன்னால் அவர் ஆயுள் முடியும். இரண்டு ஊர்ப் பலகாரத்தையும் ஒரே தட்டில் வைக்கத் தெரிந்தவளுக்கு இந்த இரண்டையும் எப்படி ஒன்றாக வைப்பதென்று தெரியவில்லை. இதுவரை அவர் தேத்தண்ணி குடிக்கிறார் என்றால், தான் வாயைத் திறக்காமல் இருந்ததால்தான் என்றும் அவளுக்கு ஒரு நம்பிக்கை.

தவமலர் வேறு மாதிரி யோசித்தாள். பொரியை அள்ளி வாயில் போட்டபடி, சீஸ் கீச்சிட, சொன்னாள்:

“நான் ஒண்டு சொல்லட்டே, பிள்ளை? தேத்தண்ணி கீழ போகுது. பலகாரம் கீழ போகுது. பிறகு அந்தாள் என்னத்துக்கு மேல வரப்போகுது? என்ர மனுசனெண்டா தலகாணியும் கேட்டிருக்கும்.”

எல்லாரும் சிரித்தார்கள். ஜொபா சிரிக்கவில்லை. அவளுக்குள் ஒரு விளக்கு எரிந்தது. பேரம் என்பது அவளுக்குத் தெரிந்த ஒரே வித்தை. எது வேண்டுமோ அதைப் பார்க்கவே கூடாது. முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு திரும்பி நடக்கவேண்டும். சரி, வா, எடுத்துக்கொண்டு போ என்று முதுகுக்குப் பின்னால் குரல் வரும். இத்தனை நாளும் ஆறு கேட்ட விலையைக் கேட்டபடி கொடுத்துக்கொண்டு இருந்திருக்கிறாள். விசரி.

அடுத்த நாள் பின்னேரம் வழமையை விடக் கூடுதலாகவே சமைத்தாள். ஏலக்காய் மணம் படிகளில் இறங்கித் தெருவரை போயிற்று. குரக்கன் மாதிரி இருண்ட நிறத்துப் பக்வீற் மாவில் மெல்லிய தோசை வார்த்து, தேங்காய்ப்பூவும் மேப்பிள் சர்க்கரையும் வைத்துச் சுருட்டினாள். அவருடைய ஊர்த் தோசைக்குள் தன்னுடைய ஊர்ப் பூரணம், இது அவருக்கு உயிர். எல்லாவற்றையும் ஓட்டையின் விளிம்பிலேயே பரப்பி வைத்துக்கொண்டு, தூக்குச்சட்டியைத் தொடாமல், தான் மட்டும் சத்தமாக உறிஞ்சிக் குடித்தாள். குடிக்க ஆசையென்றால் ஏறி வாருங்கள், கதிரை காலியாகத்தான் இருக்கிறது என்று தண்ணீரைப் பார்க்காமல் சுவரைப் பார்த்துச் சொன்னாள். மேசைக்காலில் கட்டி வெறுமனே ஓட்டைக்குள் விட்டிருந்த நூல் சுண்டிற்று. அவள் திரும்பவில்லை. மறுபடி சுண்டிற்று. கட்டடத்துச் சனம் மூச்சைப் பிடித்துக்கொண்டு நின்றது.

நாளாக நாளாக வெளியே பனி கரைந்து ஒழுங்கைகளில் சேறாகி ஓட, உள்ளே ஓட்டை சுருங்கத் தொடங்கிற்று. பானையின் வாயளவு இருந்தது தட்டளவாயிற்று. ஜினெற் பதறினாள். தவமலர் தான் சொன்னது பகிடிக்குத்தான், சட்டியை இறக்கு என்று கையைப் பிடித்துக் கெஞ்சினாள். சந்தை தெரியாத சனம் என்று ஜொபா இருவர்மேலும் பாய்ந்தாள். வியாபாரி சாமானைக் கட்டுகிற மாதிரிப் பாசாங்கு பண்ணுவான், படங்கைக்கூட இறக்குவான், அந்த நேரத்தில் இளகினவள் தோற்றவள். ஆறு கடையைக் கட்டுகிற மாதிரிக் காட்டுகிறது, எத்தனை பேரை நான் பார்த்திருக்கிறேன் என்று கத்தினாள். கத்தும்போது குரல் உடைந்தது. அன்றும் சமைத்தாள். அன்றும் தானே குடித்தாள்.

கடைசிப் பின்னேரம், யன்னலுக்கு வெளியே முதல் தடவையாக வெயில் சூடாக அடித்துக்கொண்டு இருக்கையில், நூல் மறுபடி அசைந்தது. சுண்டல் என்று சொல்லமுடியாத அளவு. அவள் கோபித்துக்கொண்டு சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்திருக்கும்போது அவர் பின்னாலிருந்து சேலை ஓரத்தை இரண்டு விரலால் தொட்டுப் பார்ப்பாரே, முழிப்பா நித்திரையா என்று, அந்த அளவு. ஜொபா சுவரைப் பார்த்தபடி கடைக்கண்ணால் அதைக் கண்டாள்; கண்டதும் அவளுடைய வாழ்நாள் வித்தை முழுக்கக் கையிலிருந்து நழுவிற்று.

ஏனென்றால் அந்த மனுஷனுக்குப் பேரம் பேசத் தெரியாது. தக்காளிக்காரன் சொன்ன விலையைக் கொடுத்துவிட்டு நன்றியும் சொல்லிவிட்டு வருவார். அதற்காக அவள் சந்தை நடுவில் வைத்து அவரைத் திட்டாத திட்டில்லை. அவன் விடியவே எழும்பியிருப்பான், பாவம் என்பார். இப்படிப்பட்ட ஆள் கீழே இருந்து கடையைக் கட்டுகிற பாசாங்கு பண்ணுவாரா? வரமுடிந்தால் முதல் நாளே வந்திருப்பார். அவரால் வரமுடியாது. தேத்தண்ணி மட்டும்தான் கேட்டுக்கொண்டு இருந்திருக்கிறார்.

பாய்ந்து தூக்குச்சட்டியை எடுத்தாள். ஓட்டை சிறுதட்டளவுக்கு வந்திருந்தது. சட்டி போகவில்லை. சரித்துப் பார்த்தாள், விளிம்பைக் கரண்டியால் கொத்திப் பார்த்தாள். பனி பிளாஸ்திக்கைப் போல வழுக்கிற்று. முழங்காலில் விழுந்து, கோப்பையிலிருந்து தேத்தண்ணியை அப்படியே அதற்குள் ஊற்றினாள். கறுத்த தண்ணீரில் அது பழுப்பாக ஒரு கணம் சுழன்று கிழக்கே போயிற்று. பால்மணம் எழும்பிற்று. இன்னொரு கோப்பை. தாத்தாமாரை விரலால் பிட்டுப் பிட்டுப் போட்டாள், பாணியை வழித்து விட்டாள், தோசைச் சுருளை நீளவாக்கில் தள்ளினாள். ஒன்றையும் தனக்கு வைக்கவில்லை. சூடு ஆறிவிட்டது, பொறுங்கள், அடுப்பில் இன்னும் இருக்கிறது என்று சொல்லிக்கொண்டே ஊற்றினாள். தவமலர் அடுப்பிலிருந்த பானையைத் துணியால் பிடித்துத் தூக்கிக்கொண்டு வந்து பக்கத்தில் குந்தினாள். ஜினெற் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றாள். ஓட்டை ஒரு குவளை வாயளவு. பிறகு ஒரு மோதிரமளவு. கரண்டியால் ஊற்றினாள், பிறகு விரல்நுனியால் சொட்டுச்சொட்டாக விட்டாள்.

இனி விடுவதற்கு இடமில்லை என்றானபோது வாயைத் தரையோடு வைத்தாள்.

“ஷுன்ச்சோ,” என்றாள். பிறகு, “றேஜான்.”

அந்தப் பெயர் அவளுடைய வாயில் கோணலாகத்தான் வந்தது. இத்தனை வருஷம் ஒரே வீட்டில் இருந்தும், நேற்று வந்திறங்கியவள் ஒரு தெருப்பெயரைச் சொல்வதைப்போல, முதல் எழுத்து தடக்கி, கடைசி எழுத்து மூக்குக்குள் ஏறாமல் பல்லிலேயே நின்றுவிட்டது. அவளுக்கே அது கேட்டது. மறுபடி சொன்னாள். “றேஜான்.” ஜினெற் திருத்தவில்லை. தானும் தரையில் இறங்கி, பெருத்த முழங்கால்களை மடித்துக்கொண்டு, அதே கோணலோடு அவளுடன் சேர்ந்து சொன்னாள். தவமலரும் சொன்னாள். வாசலில் நின்ற மேல்வீட்டு வங்காளிகளும், செருப்பைக் கையில் வைத்திருந்த கிரேக்கரும் சொன்னார்கள். தரைவிரிப்பு ஒரு சட்டைப் பொத்தானளவு இடத்தில் கொஞ்சம் பொறுத்து நின்று, பிறகு மூடிக்கொண்டது. நூல் மேசைக்காலிலிருந்து தளர்ந்து கிடந்தது. கீழேயிருந்து ஒரு “உய்” கேட்டதாகச் சிலர் இன்றைக்கும் சொல்வார்கள், கேட்கவில்லை என்று சிலர். ஜொபாவிடம் ஒருவரும் கேட்டதில்லை.

அவள் எழும்பினாள். தரையில் சிந்திய தேத்தண்ணி பரவி நின்றது. வெறும் தரையில் எந்தத் தேத்தண்ணியும் நிற்கிற மாதிரி. அதைத் துடைக்கவில்லை. பானையின் அடியில் கொஞ்சம் இருந்தது, சிங்காரா ஒரு தட்டு இருந்தது, பொரி இருந்தது. கோப்பைகளை எடுத்து வரிசையாக வைத்து, இருந்ததை எல்லாருக்கும் ஒவ்வொரு மிடறாக ஊற்றினாள். சனம் வாங்கிக்கொண்டு, குடிக்கலாமா என்று தெரியாமல் நின்றது.

“குடியுங்கோ,” என்றாள் ஜொபா. “றேஜானுக்கு இது நல்ல விருப்பமாக இருந்தது.”